வீதி விபத்தும் காப்புறுதிக்காரர் கடமையும்

(மட்டக்குளியில் நடைபெற்ற பொதுக்கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



இன்று மாலை இக்கூட்டத்துக்கு வந்து சேர்வதற்கு இங்குருகடைச் சந்தியிலிருந்து எமக்கு ஏறக்குறைய ஒரு மணி நேரம் பிடித்தது. முன்னே ஒரு கொள்கலன் லொறி. பின்னே ஒரு கொள்கலன் லொறி. இடையிலே முச்சக்கர வண்டிகள். அவற்றுக்கும் இடையிலே புத்தகப் பை சுமந்த பிள்ளைகள். துறைமுகத்துக்கும் களனி கங்கைக்கும் நடுவே நெருக்குண்டு கிடக்கும் இம்மட்டக்குளியில், வாசற்படியை விட்டுக் காலை எடுத்து வைத்தால் அது வீதியாகவே இருக்கின்றது. நடைபாதை என்று சொல்லத்தக்கது இருக்கும் இடத்திலும் அதன்மேல் ஒரு வண்டி நிறுத்தப்பட்டிருக்கக் காண்கின்றோம்.

நாம் பேச வந்த பொருள் அரசியல் மேடைகளில் அதிகம் கேட்கப்படாத ஒன்று. மொழியுரிமை பற்றிப் பேசினால் கூட்டம் திரளும். காணியுரிமை பற்றிப் பேசினாலும் திரளும். லொறி மோதிக் கால் முறிந்தவனுக்குச் சேரவேண்டிய பணத்தைப் பற்றிப் பேசுவதற்கு மேடை எதற்கு, அது சட்டத்தரணியின் மேசையிலே முடிய வேண்டிய காரியமல்லவா என்று இக்கூட்டத்தை ஒழுங்கு செய்த அன்பர்களுள் ஒருவரே எம்மைக் கேட்டார். அக்காரியம் சட்டத்தரணியின் மேசைக்கு வந்து சேருமுன்னரே பெரும்பாலும் முடிந்துவிடுகின்றது என்பதே அவருக்கு நாம் கூறிய மறுமொழி. முடித்துவைப்பவர் நீதிபதியுமல்லர், சட்டத்தரணியுமல்லர். ஆஸ்பத்திரிக் கட்டிலருகே ஒரு கடதாசியோடு வந்து நிற்கும் மனிதரே முடித்துவைக்கின்றார்.

எம்மிடம் வந்த ஒருவரின் கதையைச் சொல்கின்றோம். பெயர் வேண்டாம். புறக்கோட்டையிலே மூட்டை சுமக்கும் நாட்டாமைத் தொழிலாளி, இப்பகுதியிலே குடியிருப்பவர். ஒரு மாலை பஸ்ஸிலிருந்து இறங்கி வீதியோரமாக நடந்து வந்தவரைப் பின்னால் வந்த லொறியொன்று இடித்துத் தள்ளிற்று. வலது காலிலே இரண்டிடத்தில் எலும்பு முறிந்தது. மூன்றாம் நாள் லொறி உரிமையாளரின் ஆள் ஒருவர் பழக்கூடையோடு ஆஸ்பத்திரிக்கு வந்தார். மிக்க மரியாதையாகப் பேசினார். “பிள்ளைகளின் செலவுக்கு வைத்துக்கொள்ளுங்கள் அண்ணே” என்று முப்பதினாயிரம் ரூபாவைக் கையிலே கொடுத்தார். பின்னர் ஒரு கடதாசியை நீட்டினார். அது சிங்களத்தில் அச்சடிக்கப்பட்டிருந்தது. “இது பொலிசுக்குக் காட்டுவதற்குத்தான், லொறியை விடுவிக்க வேண்டுமல்லவா” என்றார். நம்மவர் கையொப்பமிட்டார். இவ்விபத்துத் தொடர்பான சகல உரிமைகளும் முழுமையாகத் தீர்க்கப்பட்டன என்று அதிலே எழுதியிருந்தது அவருக்குத் தெரியாது.

ஆறு மாதத்தின் பின் எலும்பு சரியாகப் பொருந்தவில்லை என்று மறுபடியும் சத்திரசிகிச்சை செய்தார்கள். கால் கூடிற்று, ஆனால் மூட்டை சுமக்கும் கால் அன்று அது. மனைவி வீடுகளிலே வேலை செய்யத் தொடங்கினார். மூத்த மகன் பள்ளிக்கூடத்தை விட்டான். அயலவர் ஒருவரின் வற்புறுத்தலால் அவர் எம்மிடம் வந்தபோது, விபத்து நடந்து இரண்டு ஆண்டும் இரண்டு மாதமும் கடந்திருந்தன.

அந்த இரண்டு மாதத்தின் விலை என்னவென்பதை விளக்குவதற்காகவே இன்று இம்மேடையில் நிற்கின்றோம்.

வீதியில் ஓடும் எந்த மோட்டார் வாகனத்துக்கும், அதனால் பிறருக்கு நேரக்கூடிய மரணத்துக்கும் உடற்காயத்துக்கும் ஈடாகக் காப்புறுதி இருந்தே ஆகவேண்டும் என்பது இந்நாட்டின் சட்டம். 1951ஆம் ஆண்டின் 14ஆம் இலக்க மோட்டார் போக்குவரத்துச் சட்டம் அதனைக் கட்டாயமாக்கியிருக்கின்றது. ‘மூன்றாம் ஆள் காப்புறுதி’ என்று நாம் பேச்சிலே சொல்வது இதனையே. வாகனத்தின் சொந்தக்காரர் முதலாம் ஆள். காப்புறுதிக் கம்பெனி இரண்டாம் ஆள். வீதியிலே நடந்து போகின்ற நீங்களும் நாமுமே அந்த மூன்றாம் ஆள். காப்புறுதிச் சான்றிதழைக் காட்டாமல் வருடாந்த வருமான அனுமதிப்பத்திரம் எவருக்கும் கிடையாது. ஆகவே உங்களை மோதிய வாகனம் எதுவாயினும், அதன் பின்னால் ஒரு காப்புறுதிக்காரர் நிற்கின்றார் என்றே முதலில் எண்ணுங்கள். சாரதி ஏழையாயிருக்கலாம், உரிமையாளர் கைவிரிக்கலாம். உங்கள் காயத்துக்குப் பணம் கட்டுவதற்கென்றே ஆண்டுதோறும் கட்டுப்பணம் வாங்கிக்கொண்டிருக்கும் ஒருவர் இருக்கின்றார். அவர் தருவது தருமம் அன்று.

சட்டத்தின் 105ஆம் பிரிவு இன்னும் ஒரு படி மேலே செல்கின்றது. வாகனக்காரருக்கு எதிராக நீதிமன்றம் தீர்ப்பாணை வழங்கிவிட்டால், காப்புறுதிக்காரருக்கும் வாகனக்காரருக்கும் இடையே என்ன பிணக்கு இருந்தாலும், ஒப்பந்தத்தை இரத்துச் செய்யும் உரிமை கம்பெனிக்கு இருந்தாலும், சட்டம் விதித்த சில விலக்குகள் நீங்கலாகப் பாதிக்கப்பட்டவருக்குரிய பணத்தைக் கம்பெனி செலுத்தியே தீரவேண்டும் என்பது அதன் சாரம். செலவுத் தொகையும் வட்டியும் அதனுள் அடங்கும். அவர்களுக்கிடையே உள்ள கணக்கை அவர்கள் பிறகு பார்த்துக்கொள்ளட்டும் என்று சட்டம் கருதுகின்றது. இது நல்ல ஏற்பாடு. இதனை எழுதியவர்கள் ஏழைப் பாதசாரியை நினைத்தே எழுதியிருக்க வேண்டும்.

ஆனால் அதற்கு அடுத்த பிரிவிலே ஒரு பொறி இருக்கின்றது. வழக்குத் தொடங்குமுன்னரோ, தொடங்கி ஏழு நாட்களுக்குள்ளோ, அவ்வழக்கைப் பற்றிய அறிவித்தல் காப்புறுதிக்காரருக்கு வழக்கின் தரப்பினர் ஒருவரால் கொடுக்கப்பட்டிருக்க வேண்டும். கொடுக்கப்படாவிட்டால் தீர்ப்பாணை கிடைத்தாலும் கம்பெனி ஒரு சதமும் கட்டவேண்டியதில்லை. ஏழே நாட்கள்! நெல் விதைத்தவன் முளை பார்ப்பதற்குக்கூட அதைவிட அதிக நாள் காத்திருப்பான். ஐந்து ஆண்டு வழக்காடி வென்ற பின்னர், ஒரு பதிவுத் தபால் அனுப்பத் தவறிய காரணத்தால், கையிலே வெற்றுத் தீர்ப்போடு வீடு திரும்ப வேண்டிய நிலை இதனால் உண்டாகின்றது. வாகனக்காரர் தமது கம்பெனிக்குச் சொல்லியிருப்பார் என்று நம்பியிருக்க வேண்டாம். வழக்காளியே எழுத்து மூலம், பதிவுத் தபாலில், சான்றுப் பற்றுச்சீட்டோடு அனுப்புவதே முறை. வழக்குக்கு முன்னரே அனுப்பலாம் என்று சட்டம் சொல்லும்போது ஏழாம் நாள் வரை காத்திருப்பதேன்?

இரண்டாவது பொறி காலம். 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கக் காலாவதிக் கட்டளைச் சட்டத்தின்படி, நட்டத்துக்கும் காயத்துக்கும் ஈடு கேட்கும் வழக்கு இரண்டு ஆண்டுகளுக்குள் தொடுக்கப்பட வேண்டும். காயம் ஆறுவதற்கு இரண்டு ஆண்டு. வைத்தியரின் இறுதி அறிக்கை வருவதற்கு இன்னும் சில மாதம். “பொலிஸ் வழக்கு முடியட்டும், பிறகு பார்க்கலாம்” என்று யாரோ சொன்ன புத்திமதிக்கு இன்னும் சில மாதம். இப்படித்தான் நம்மவர் காலத்தை இழக்கின்றனர். நீதவான் நீதிமன்றத்திலே சாரதிக்கு எதிராகப் பொலிசார் நடத்துவது வேறு வழக்கு. அங்கே சாரதி குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டப்பணம் கட்டினால் அப்பணம் அரசுக்குப் போகும். உங்கள் காலுக்குப் போகாது. உங்கள் காலுக்குரிய வழக்கு மாவட்ட நீதிமன்றத்திலே, நீங்களே தொடுக்க வேண்டிய வழக்கு. ஒன்று முடியட்டும் என்று மற்றொன்றைக் காத்திருக்க வைக்குமாறு சட்டம் எங்கும் கூறவில்லை.

நாம் குறிப்பிட்ட நாட்டாமைத் தொழிலாளி இழந்தது இதனையே. கடதாசி ஏமாற்றிப் பெறப்பட்டது என்று நீதிமன்றத்தில் வாதாடியிருக்கலாம். கடினமான வாதமே எனினும் வழியிருந்தது. இரண்டு ஆண்டு கடந்தபின் அந்த வழியும் அடைபட்டுப் போயிற்று.

இனிப் பொலிஸ் நிலையத்துக்கு வருவோம். விபத்து நடந்ததும் எழுதப்படும் முறைப்பாடே பின்னர் வழக்கு முழுவதற்கும் அத்திவாரமாகின்றது. வாகனம் எந்தத் திசையிலிருந்து வந்தது, நீங்கள் எங்கே நின்றீர்கள், மஞ்சட் கடவையிலா அதற்கு அப்பாலா, விளக்கு எரிந்ததா என்பனவெல்லாம் அந்த ஒரு பக்கத்திலே இருக்கின்றன. அந்தப் பக்கம் நமக்கு வாசிக்கத் தெரியாத மொழியிலே எழுதப்பட்டு, “சரிதானே, கையொப்பம் போடு” என்று நீட்டப்படுவது கொழும்பிலே வாழும் தமிழருக்குப் பழகிப்போன அநுபவம். தமிழும் அரசகரும மொழியாதல் வேண்டும் என்று 1987ஆம் ஆண்டின் 13ஆவது திருத்தம் அரசியலமைப்பிலே எழுதிவிட்டது. எழுதி எத்தனை ஆண்டாயிற்று என்று நாம் இங்கு கணக்குப் பார்க்கப் போவதில்லை. தமிழிலே வாக்குமூலம் எழுதும்படி கேட்பது உங்கள் உரிமை. எழுத ஆளில்லை என்றால், எழுதியதைத் தமிழிலே வாசித்துக் காட்டியபின்னரே கையொப்பமிடுவேன் என்று மரியாதையாகக் கூறுங்கள். ‘பாதையைக் கடக்கும்போது’ என்பதற்கும் ‘பாதைக்குள் ஓடும்போது’ என்பதற்கும் இடையே உள்ள வேற்றுமை ஒரு சொல்தான். அந்த ஒரு சொல்லுக்குப் பல இலட்சம் ரூபா பெறுமதி உண்டு.

ஏனெனில், இந்நாட்டிலே விபத்து நடந்தது என்பதனால் மட்டும் நட்டஈடு கிடைத்துவிடாது. நமது பொதுச்சட்டம் உரோம-ஒல்லாந்தச் சட்டம். ஒல்லாந்தர் போய் இரண்டு நூற்றாண்டுக்கு மேலாயிற்று. அவர்களின் சட்டம் போகவில்லை. அச்சட்டப்படி சாரதியின் கவலையீனத்தைக் காயப்பட்டவரே நிரூபிக்க வேண்டும். சாரதி கூலிக்காரனாயின், அவன் தன் வேலையின்போது செய்த தவறுக்கு முதலாளியும் பொறுப்பாளி. உங்கள் பக்கத்திலும் சிறிது தவறிருந்தால் அதனால் வழக்கு முழுவதும் விழுந்துவிடாது. 1968ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம், தவறின் பங்குக்கேற்ப ஈட்டைக் குறைத்துத் தருமாறு நீதிமன்றத்துக்கு வழி செய்திருக்கின்றது. “நீயும்தானே பார்க்காமல் வந்தாய்” என்று யாரேனும் அதட்டினால் அஞ்சி ஒதுங்க வேண்டாம். நாலில் ஒரு பங்கு உங்கள் தவறென்று வைத்துக்கொண்டாலும் மிகுதி மூன்று பங்கு உங்களுடையதே.

எவ்வளவு கேட்பது? ஆஸ்பத்திரிச் செலவு, மருந்துச் செலவு, போக்குவரத்து ஆகியவை கைக்கணக்கு. பட்ட வேதனைக்கும் உடலிலே நிலைத்துவிட்ட குறைக்கும் தனித் தொகை உண்டு. இவற்றிலும் பெரியது எதிர்காலத்தில் இழக்கும் உழைப்பு. மாதம் அறுபதினாயிரம் உழைத்த ஒருவர் காயத்தின் பின் நாற்பதினாயிரமே உழைக்க முடிகின்றது என்று கொள்வோம். மாதம் இருபதினாயிரம், ஆண்டுக்கு இரண்டு இலட்சத்து நாற்பதினாயிரம், பதினைந்து ஆண்டுக்கு முப்பத்தாறு இலட்சம். பின்னாளில் வரவேண்டிய பணத்தை ஒரே தடவையில் முன்கூட்டிப் பெறுவதனால் நீதிமன்றம் அதில் ஓரளவைக் கழிக்கும். கழித்த பின்னரும் அதனை ஆஸ்பத்திரிக் கட்டிலிலே நீட்டப்பட்ட முப்பதினாயிரத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள். இன்னொன்றையும் மறக்கலாகாது. நட்டஈடு ஒரு தடவைதான். தீர்ப்புப் பெற்றபின் கால் மேலும் கெட்டுப்போயிற்று என்று மறுபடி வழக்காட முடியாது. ஆகவே முதலிலேயே முழுக் கணக்கையும் போட வேண்டும்.

இங்கே வடக்கிலிருந்தும் வன்னியிலிருந்தும் வந்திருக்கும் கமக்காரர்கள் எம்மைப் பார்த்துச் சிரிப்பது தெரிகின்றது. சம்பளச் சீட்டு வைத்திருப்பவருக்கு இக்கணக்கு இலகு. வெங்காயம் நடுகின்றவன் எந்தச் சீட்டைக் காட்டுவான் என்பதே அச்சிரிப்பின் பொருள். நியாயமான கேள்வி. கண்டி வீதியிலே இரவில் லொறியோடு வரும் எத்தனையோ கமக்காரர் விபத்திலே சிக்கியிருக்கின்றனர். ஊருக்குள்ளே விளக்கில்லாத லாண்ட்மாஸ்டர் பெட்டியிலே ஏறிச் சென்று காயப்பட்டவர்களும் பலர். அவர்களின் வருமானத்தை நீதிமன்றத்திலே காட்டுவதற்கு வழியின்றிச் சட்டத்தரணிகள் திண்டாடுகின்றனர். வழி உங்கள் வீட்டுக் கூரைக்குள்ளேயே செருகிக் கிடக்கின்றது. புறக்கோட்டைக் கொமிசன் கடையிலே தரும் விற்பனைத் துண்டு, விதை வாங்கிய பற்றுச்சீட்டு, பசளைப் பற்றுச்சீட்டு, கமநல சேவை நிலையத்தின் பதிவு, வங்கிப் புத்தகம், இறைப்புக்குப் பிடித்த கூலியாளுக்குக் கொடுத்த கணக்கு ஆகியவையெல்லாம் சாட்சியே. கால் முறிந்த போகத்திலே நிலம் தரிசாய்க் கிடந்ததைக் கிராம உத்தியோகத்தர் எழுதித் தந்தால் அதுவும் சாட்சி. கொமிசன் கடைத் துண்டைப் பீடி சுற்றக் கொடுக்காதீர்கள் என்பதே கமக்காரருக்கு எமது முதற் புத்திமதி. சரக்கோடு லொறியில் ஏறுமுன்னர் இன்னொன்றும் செய்யலாம். அந்த லொறியின் காப்புறுதி, அதிலே ஏறி வருபவரையும் உள்ளடக்குகின்றதா என்று கேளுங்கள். சாமான் லொறியிலே மூட்டைமேல் அமர்ந்து வருபவரின் நிலை, வீதியில் நடப்பவரின் நிலையைப்போல் உறுதியானதன்று.

கூலிக்கு வேலை செய்வோருக்கு மற்றொரு வாசலும் உண்டு. 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க வேலையாட்கள் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டத்தின்படி, வேலையின்போது காயப்பட்டவர் முதலாளியின் கவலையீனத்தை நிரூபிக்க வேண்டியதில்லை. லொறிச் சாரதியும் உதவியாளும் இதனுள் வருவர். உச்சத் தொகை ஐந்தரை இலட்சமாயிருந்ததை 2022ஆம் ஆண்டின் திருத்தம் இருபது இலட்சமாக உயர்த்திற்று. வீட்டிலிருந்து வேலைக்குப் போகும்போதும் திரும்பும்போதும் நேரும் விபத்தையும் அத்திருத்தம் சேர்த்துக்கொண்டது. இதனை அறிந்த தொழிலாளர் நூற்றுக்கு எத்தனை பேர் என்று இங்கே கையை உயர்த்தச் சொல்லி எவரையும் சங்கடப்படுத்த விரும்பவில்லை. ஒரே முதலாளியிடம் இச்சட்டத்தின் கீழும் மாவட்ட நீதிமன்றத்திலும் இரு வழியாகவும் பெற நினைக்கலாகாது. எவ்வழி நன்று என்பதை முதலிலேயே சட்டத்தரணியோடு ஆராய்ந்து தெரிய வேண்டும்.

உயிர் போனவர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். குடும்பத்தைக் காப்பாற்றியவர் இறந்தால், அவருடைய உழைப்பை நம்பியிருந்தோர் அந்த உழைப்பின் இழப்புக்கு ஈடு கேட்கலாம் என்பது பழைய சட்டம். ஆனால் உழைக்காத ஒருவர் இறந்தால்? ஒரு சிறு குழந்தை இறந்தால்? மருத்துவக் கவலையீனம் பற்றிய வழக்கொன்றிலே 2001ஆம் ஆண்டு உயர் நீதிமன்றம் தந்த தீர்ப்பு நாடெங்கும் பேசப்பட்டது. நான்கு வயதுக் குழந்தையின் சாவினால் பெற்றோருக்குப் பண நட்டம் இல்லை என்பதும், மனவேதனைக்கு அச்சட்டத்தில் ஈடில்லை என்பதும் அதிலே கூறப்பட்ட காரணங்களுள் அடங்கும். பள்ளிக்கூட வாசலிலே பஸ் மோதி இறக்கும் பிள்ளைக்கும் அதே விதிதான். பிள்ளையின் விலை சூனியம் என்று சட்டம் சொல்லிற்று. நீதிபதிகள்மேல் குறை கூறுவதற்கில்லை, சட்டம் அப்படியிருந்தது. அதனை மாற்ற வேண்டியது பாராளுமன்றம். பதினெட்டு ஆண்டு கழித்து, 2019ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கச் சட்டத்தினால் பாராளுமன்றம் அதனை மாற்றிற்று. ஒருவரின் தவறான செயலால் இறந்தவரின் நெருங்கிய உறவினர், இழந்த அன்புக்கும் துணைக்கும்கூட ஈடு கேட்க இன்று வழியுண்டு. இச்சட்டம் வந்த செய்தி மட்டக்குளியின் எத்தனை வீடுகளுக்கு எட்டிற்று? தமிழிலே ஒரு துண்டுப் பிரசுரமேனும் நம் கைக்கு வரவில்லை.

அன்பர்களே, சட்டம் உரிமை என்று சொல்வதை நாட்டின் நடைமுறை கருணையாக மாற்றிவைத்திருக்கின்றது. 2025 மே 11ஆம் நாள் கொத்மலைப் பகுதியிலே, கதிர்காமத்திலிருந்து குருநாகலுக்குச் சென்ற போக்குவரத்துச் சபை பஸ் பள்ளத்திலே வீழ்ந்து இருபதுக்கு மேற்பட்டோர் மாண்டனர். நாடு துயருற்றது, அரசு நிதியுதவி அறிவித்தது. உதவியைக் குறை கூற மாட்டோம். ஆனால் ஓர் ஆண்டிலே இந்நாட்டின் வீதிகளில் இரண்டாயிரத்துக்கு மேற்பட்டோர் இறக்கின்றனர். 2017ஆம் ஆண்டிலே அத்தொகை மூவாயிரத்தைத் தாண்டிற்று. அவர்களுள் மிகப் பெரும்பாலோர் ஒவ்வொருவராக, தனித்தனியே, பத்திரிகையில் ஒரு வரிகூட இடம்பெறாமல் இறப்பவர்கள். இருபது பேர் ஒன்றாக இறந்தால் மந்திரி வருகின்றார். ஒருவர் தனியாக இறந்தால் பழக்கூடைக்காரர் வருகின்றார். இதனை ஒரு நாட்டின் நீதிமுறை என்று எப்படிக் கூறுவது?

கடலுக்கு அப்பால் என்ன செய்திருக்கின்றார்கள்? இந்தியாவிலே 1956ஆம் ஆண்டுத் திருத்தத்தினாலேயே மோட்டார் விபத்துகளுக்கென்று தனித் தீர்ப்பாயங்கள் வகுக்கப்பட்டன. வழக்கின் நீண்ட சடங்குகள் அங்கே குறைவு. காப்புறுதிக் கம்பெனியும் அங்கேயே எதிர்த்தரப்பாக வந்து நிற்கும். தவறு யாருடையது என்று நிரூபியாமலே ஒரு குறைந்த தொகை தரும் முறை 1982ஆம் ஆண்டு புகுத்தப்பட்டது. 2022 ஏப்பிரல் முதல் அம்முறையின் தொகை மரணத்துக்கு ஐந்து இலட்சம், பெருங்காயத்துக்கு இரண்டரை இலட்சம் இந்திய ரூபா. இடித்துவிட்டு ஓடிய வாகனம் எதுவென்றே தெரியாவிட்டால், மரணத்துக்கு இரண்டு இலட்சமும் பெருங்காயத்துக்கு ஐம்பதினாயிரமும் அரசு வகுத்த திட்டத்திலிருந்து கிடைக்கும். தமிழ்நாட்டிலே விபத்து ஈட்டைக் கட்டாத அரசுப் போக்குவரத்துக் கழகத்தின் பஸ்ஸையே நீதிமன்ற ஊழியர் நிலையத்திலே மறித்து ஜப்தி செய்யும் காட்சி அடிக்கடி செய்தியாகின்றது. பயணிகளுக்கு அது தொல்லைதான். ஆயினும் ஒரு கிழவியின் தீர்ப்புக்கு அரசாங்கத்தின் பஸ்ஸை நிறுத்தும் வலு இருப்பது கண்டு நாம் மகிழ்கின்றோம்.

தென்னாபிரிக்காவிலும் நம்மைப் போலவே உரோம-ஒல்லாந்தச் சட்டம் ஆள்கின்றது. அங்கே 1942ஆம் ஆண்டின் சட்டமே காயப்பட்டவர் காப்புறுதிக்காரரிடம் நேராகக் கேட்கும் உரிமையைத் தந்துவிட்டது. பிற்காலத்தில் பெற்றோலுக்கு விதித்த வரியால் நிரம்பும் வீதி விபத்து நிதியமொன்று அவ்விடத்துக்கு வந்தது. அந்நிதியமும் இன்று கடன் சுமையால் திணறுகின்றது என்பதை மறைக்க மாட்டோம். ஆனால் ஒல்லாந்தச் சட்டத்தில் இதற்கு இடமில்லை என்று இங்கே எவரேனும் கூறினால், அதே மரத்தின் மற்றக் கிளையிலே காய் காய்த்திருக்கின்றது என்பதைக் காட்டவே இதனைச் சொன்னோம்.

இங்கோ, முதலில் வாகனக்காரர்மேல் வழக்கு. தீர்ப்பாணை கிடைத்த பின்னரே கம்பெனியின் கடமை பிறக்கின்றது. அதற்குள் ஆண்டுகள் உருண்டோடுகின்றன. அந்த ஆண்டுகளிலே பணத்துக்கு என்ன நேர்கின்றது என்பதை நாம் கண்ணாரக் கண்டோம். 2022 செப்டெம்பரிலே கொழும்பின் விலைவாசி முந்திய ஆண்டைவிட ஏறக்குறைய எழுபது வீதம் உயர்ந்து நின்றது. 2016இல் வழக்குத் தொடுத்துப் பத்து இலட்சம் கேட்டவர், 2023இல் அந்தப் பத்து இலட்சத்தையே பெற்றால், அவர் பெற்றது எத்தனை மூடை அரிசி? தாமதத்தால் நட்டமடைபவர் காயப்பட்டவர் ஒருவரே.

ஆகவே நாம் கேட்பது மூன்று. விபத்து வழக்குகளுக்கென்று தனித் தீர்ப்பாயம் வேண்டும். அதிலே காப்புறுதிக்காரரை நேராக அழைக்கும் உரிமை வேண்டும். ஏழு நாள் அறிவித்தல் என்ற பொறியை நீக்கி, வழக்கைத் தொடுப்பதே அறிவித்தலாகக் கொள்ளப்பட வேண்டும். ஆஸ்பத்திரிக் கட்டிலிலே, காயப்பட்டு முதல் மாதங்களுக்குள், சுதந்திரமான ஆலோசனையின்றி வாங்கப்படும் எந்தத் தீர்வுக் கடதாசியும் செல்லாது என்று சட்டம் எழுதப்பட வேண்டும். மூன்றாவது கோரிக்கை கம்பெனிகளுக்குக் கசக்கும். நேர்மையாகப் பணம் கட்டும் கம்பெனிகளும் உள. அவர்கள் இதற்கு அஞ்ச வேண்டியதில்லை.

இங்கே படித்த பெருமக்கள் பலர் இருக்கின்றீர்கள். வெள்ளவத்தையிலிருந்தும் கொட்டாஞ்சேனையிலிருந்தும் வந்திருக்கும் வைத்தியர்களிடம் ஒன்று கேட்கின்றோம். காயப்பட்டவர் அறிக்கை கேட்கும்போது, முறிவின் பெயரோடு நிறுத்திவிடாமல், இவர் இனி எந்தத் தொழிலைச் செய்ய இயலாது என்பதையும் ஒரு வரியில் எழுதுங்கள். கணக்காளர்கள் ஒரு கமக்காரனின் போகக் கணக்கை ஒழுங்கு செய்து கொடுக்கலாம். ஆசிரியர்கள் ஓர் அறிவித்தற் கடிதம் எழுதிக் கொடுக்கலாம். வழக்குச் செலவுக்கு வகையில்லாதோருக்காக 1978ஆம் ஆண்டின் சட்டத்தினால் அமைக்கப்பட்ட சட்ட உதவி ஆணைக்குழு இருக்கின்றது. புதுக்கடைப் படிகளிலே தரகர் கையில் அகப்படுமுன்னர் அதன் வாசலைத் தட்டிப் பாருங்கள்.

எம்மாலியன்ற சிறு காரியமொன்றை இன்றே தொடங்குகின்றோம். அடுத்த சனிக்கிழமை முதல், ஒவ்வொரு சனிக்கிழமையும் மாலை நான்கு மணியிலிருந்து, இவ்வாசிகசாலையிலே சட்டத்தரணிகள் இருவரும் தட்டெழுத்தாளர் ஒருவரும் அமர்ந்திருப்பர். கட்டணமில்லை. விபத்து நேர்ந்தவர்கள் வரும்போது வாகனத்தின் இலக்கத்தைக் கொண்டு வருக. இலக்கம் ஒன்றிருந்தால் நாரஹேன்பிட்டி மோட்டார் போக்குவரத்துத் திணைக்களத்திலே உரிமையாளரை அறியலாம். பொலிஸ் முறைப்பாட்டின் இலக்கத்தையும் நாளையும், ஆஸ்பத்திரி அட்டையையும், கைபேசியிலே எடுத்த படங்களையும் கொண்டு வருக. கையொப்பமிட்ட கடதாசி ஏதும் இருந்தால், வெட்கப்பட்டு மறைக்காமல், அதன் பிரதியையும் கொண்டு வருக.